அடுத்தவர் மெட்டில் வாழ்ந்தவருக்கு ஆவணப்படம் எதற்கு?

அக்டோபர் 4, 2025

வாசகர் ஒருவர் கேட்டது: "அண்ணே, நான் விஸ்காம் கடைசி வருஷம். ஒரு கலைஞரைப் பற்றி இருபது நிமிஷ ஆவணப்படத்துக்கு புரொபோசல் எழுதித் தரச் சொல்லியிருக்கிறார்கள். நான் அமெரிக்கப் பகடிப் பாடகர் 'வியர்ட் ஆல்' யாங்கோவிக்கை எடுத்துக்கொண்டேன். எங்கள் சார் ஒரே வரியில் முடித்துவிட்டார். அடுத்தவன் மெட்டில் வார்த்தையை மாற்றிப் பாடுகிறவனுக்கு ஆவணப்படம் எதற்கு, பாட்டைப் போட்டுக் காட்டு, அதுவே போதும் என்கிறார். என்ன பதில் சொல்வது?"

தம்பி, உங்கள் சார் சொல்வதில் பாதி நியாயம் இருக்கிறது. பகடிப் பாட்டைப் பக்கத்தில் நின்று விளக்கினால் செத்துப்போகும். ஆனால் பாட்டைப் போட்டுக் காட்டினால் சிரிப்பு மட்டும்தான் தெரியும், வேலை தெரியாது. இந்த ஆளிடம் பார்க்க வேண்டியது வேலையைத்தான்.

உதாரணத்துக்கு 1979. கல்லூரியில் கட்டடக்கலை படிக்கிற பையன். கல்லூரி வானொலி நிலையத்துக்கு எதிரே இருந்த கழிவறைக்குள் அக்கார்டியனைத் தூக்கிக்கொண்டு போய், 'மை ஷரோனா' மெட்டில் ஒரு சாப்பாட்டுப் பாட்டைப் பதிவு செய்கிறார். ஏன் கழிவறை? டைல்ஸ் ஒட்டிய சுவரில் எதிரொலி நன்றாக வரும். செலவில்லாத ரீவெர்ப். அசல் பாட்டைப் பாடிய 'தி நாக்' குழுவுக்கே அது பிடித்துப்போய், அவர்களுடைய கம்பெனியான கேப்பிடலே அதை சிங்கிளாக வெளியிட்டது. உங்கள் படம் அந்தக் கழிவறையில் ஆரம்பிக்கலாம். மைக்கை எங்கே வைத்தார் என்று கேட்கிற படமாக இருக்க வேண்டும். ஏன் இவர் இவ்வளவு வேடிக்கையானவர் என்று கேட்டால் படம் போச்சு.

அக்டோபர் 5, காலை

இவரைப் பற்றி ஏற்கெனவே என்னென்ன வந்திருக்கிறது என்று இன்னொருவர் கேட்டிருக்கிறார். முக்கியமானவை மூன்று. மூன்றும் மூன்று திசையில் போகின்றன.

1985-ல் 'தி கம்ப்ளீட் ஆல்' என்று ஒரு வீடியோ வந்தது. ஆவணப்படம் மாதிரி வேஷம் போட்ட நையாண்டி. பாதி உண்மை, பாதி புளுகு.

1999-ல் விஎச்1 இசைச் சேனலின் 'பிஹைண்ட் தி மியூசிக்' தொடரில் ஒரு பகுதி. அந்தத் தொடருக்கென்று ஒரு அச்சு உண்டு: ஏழ்மை, புகழ், போதை, வீழ்ச்சி, மீட்சி. இந்த மனிதரோ குடிப்பதில்லை, போதை கிடையாது, ஹோட்டல் அறையை உடைத்ததில்லை. வீழ்ச்சி என்று காட்ட கையில் இருந்ததெல்லாம் 1986-ல் விற்காமல் போன ஓர் ஆல்பமும், 1989-ல் 'பேட்மேன்', 'இண்டியானா ஜோன்ஸ்' படங்களோடு ஒரே கோடையில் வெளியாகிக் காணாமல் போன 'யூஎச்எஃப்' படமும்தான். அதை வைத்தே சோக வயலின் வாசித்தார்கள். பார்க்கையில் எனக்கே பரிதாபமாக இருந்தது, அவர்மேல் இல்லை, எடிட்டர்மேல்.

2022-ல் டேனியல் ராட்கிளிஃப் நடித்த படம். அதில் வரும் வாழ்க்கைக் கதை ஏறக்குறைய முழுக்கப் பொய். திரைக்கதையில் ஆலும் சேர்ந்தே எழுதிய பொய். இசைக் கலைஞர்களின் வாழ்க்கைப் படங்கள் எப்படிப் புளுகுகின்றன என்பதற்கான பகடி அது. மூன்றில் எனக்கு மிகவும் பிடித்தது இதுதான், ஆனால் அதிலும் வேலை செய்கிற ஆளைக் காணோம். மேஜை, பேப்பர், ரிகர்சல், ஒரே வரியைத் திருப்பித் திருப்பிப் பாடும் சலிப்பு, எதுவும் இல்லை.

அக்டோபர் 5, இரவு

"அப்படியென்றால் ஒரு மனிதன் பேப்பரில் எழுதுவதை இருபது நிமிஷம் காட்டச் சொல்கிறீர்களா?"

இல்லை. பத்து நிமிஷம். மிச்சம் பத்து நிமிஷம் டிரம்மர்.

அக்டோபர் 8

டிரம்மர் என்று நான் சொன்னதைச் சிலர் கிண்டல் என்று எடுத்துக்கொண்டார்கள். இல்லை, நிஜமாகவே சொன்னேன். கொஞ்சம் சுற்றி வருகிறேன்.

திருச்சிப் பக்கம் ஒரு மெல்லிசைக் குழுவில் கீபோர்டு வாசித்தவன் நான். கோயில் திருவிழா, கல்யாண ரிசப்ஷன், காதுகுத்து, எல்லாம். வெளியில் இருப்பவர்களுக்குத் தெரியாத ஒன்று உண்டு. லைட் மியூசிக் மேடையில் பாடகர் ஒரு வரியை மறந்தால் ஜனங்கள் மன்னித்துவிடுவார்கள். இரண்டாவது இண்டர்லூடில் வரும் அந்தப் புல்லாங்குழல் பிட் வரவில்லை என்றால் முன்வரிசையில் உட்கார்ந்திருக்கிற பெரியவர் திரும்பிப் பக்கத்து ஆளைப் பார்ப்பார். அந்தப் பார்வைக்குப் பயந்துதான் மத்தியானம் முழுக்க கேசட்டை ரீவைண்ட் பண்ணி, ரீவைண்ட் பண்ணி நொட்டேஷன் எழுதுவோம். எங்கள் குழுவில் நல்ல குரல்காரர்கள் வந்து வந்து போனார்கள். ரிதம் பேட் வாசித்தவரை மட்டும் யாருக்கும் விட்டுக்கொடுத்ததில்லை. அசல் ரெக்கார்டில் கேட்ட தபேலாவின் அந்த ஈரமான 'கும்' எந்தப் பேடை, எந்த அழுத்தத்தில் அடித்தால் வரும் என்று அவருக்குத்தான் தெரியும்.

பகடிக்கும் இதே கதை. கேட்பவருக்கு முதல் நான்கு விநாடியில் "ஓ, அந்தப் பாட்டு" என்று தோன்ற வேண்டும். தோன்றினால்தான் மாற்றிய வார்த்தை வந்து விழும்போது சிரிப்பு வரும். அந்த நான்கு விநாடியில் பாடகர் வாயே திறந்திருக்க மாட்டார். அது முழுக்க வாத்தியக்காரர்களின் கையில்.

இப்போது ஜான் ஷ்வார்ட்ஸுக்கு வருகிறேன். 1980 செப்டம்பர் 14, டாக்டர் டிமென்டோ என்ற வானொலிக்காரரின் நிகழ்ச்சி. குயீன் குழுவின் பாட்டை ஆல் பஸ் நெரிசல் பாட்டாக மாற்றி நேரலையில் பாடப் போகிறார். டிரம்ஸ் கிடையாது. அன்றைக்குத்தான் அறிமுகமான ஷ்வார்ட்ஸ் அக்கார்டியன் பெட்டியைக் கையால் தட்டித் தாளம் போட்டார். இன்றைக்கும் அவர்தான் டிரம்மர். கிதார் ஜிம் வெஸ்ட், பேஸ் ஸ்டீவ் ஜே, இருவரும் 1982 முதல். கீபோர்டு ரூபன் வால்டியெரா 90-களின் தொடக்கத்தில் சேர்ந்தவர். ராக் உலகத்தில் இத்தனை காலம் அடித்துக்கொள்ளாமல் ஒரே செட்டாக இருந்த குழுக்களை விரல்விட்டு எண்ணலாம். அவர்கள் வாசிக்காத பாணி எது? மைக்கேல் ஜாக்சன், நிர்வாணா, ராப், போல்கா, பீச் பாய்ஸ் மாதிரி அடுக்குக் குரல். ஒரே இரவில், ஒரே மேடையில், ஒன்றுக்குப் பின் ஒன்றாக.

எனக்கு ரொம்பப் பிடித்த சம்பவம் ஒன்று. டயர் ஸ்ட்ரெய்ட்ஸ் பாட்டைப் பகடி செய்ய அனுமதி கேட்டபோது அந்தக் குழுவின் கிதார் கலைஞர் மார்க் நாஃப்லர் ஒரு நிபந்தனை போட்டார்: அந்தப் பகடியில் கிதாரை நானே வாசிப்பேன். சரி என்று அவரையே வாசிக்க வைத்தார்கள். வேடிக்கை என்னவென்றால், அவர் அந்தப் பாட்டை வருஷக்கணக்காக மேடையில் வாசித்து வாசித்து, கை கொஞ்சம் தளர்வாகவே போயிருந்தது. ரெக்கார்டைக் கேட்டு வாரக்கணக்கில் பழகி வைத்திருந்த ஜிம் வெஸ்டின் வாசிப்புதான் அசலுக்கு நெருக்கமாக இருந்தது. அசல்காரரைவிட நகல்காரர் அசல். தம்பி, இந்த ஒரு சம்பவத்தை வைத்து நாலு நிமிஷம் ஓட்டலாம். ஜிம் வெஸ்டின் இடது கையை க்ளோசப்பில் வையுங்கள், அவர் முகம்கூட வேண்டாம்.

அக்டோபர் 9

சின்னத் திருத்தம். "ஆல், போல்கா அரசர் ஃபிராங்கி யாங்கோவிக்கின் மகன்தானே, அதனால்தான் அக்கார்டியன்" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். உறவே இல்லை. குடும்பப் பெயர் மட்டும் ஒன்று. ஆனால் அக்கார்டியன் வந்ததற்கு அந்தப் பெயர்தான் காரணம். கலிபோர்னியாவின் லின்வுட்டில் அவர்கள் வீட்டுக் கதவைத் தட்டிய இசைப்பள்ளி ஆள், கிதாரா அக்கார்டியனா என்று கேட்டிருக்கிறார். உலகத்தில் இன்னொரு யாங்கோவிக்கும் அக்கார்டியன் வாசித்தால் நல்லதுதானே என்று பெற்றோர் நினைத்தார்களாம். முதல் வகுப்பு ஏழாவது பிறந்தநாளுக்கு முந்தின நாள்.

அக்கார்டியன் நம் காதுக்குப் புதிதல்ல. எம்.எஸ்.வி. காலத்துப் பாடல்களில் கேட்டிருப்பீர்கள். என் கீபோர்டில் அந்த டோன் உண்டு. ஆனால் துருத்தியை இழுத்துத் தள்ளும்போது வரும் மூச்சு கீபோர்டில் வரவே வராது. வலது கை மெட்டை வாசிக்கும், இடது கை பித்தானில் கார்டும் பேஸும் கொடுக்கும். ஆக, அந்தப் பையனிடம் சின்ன வயதிலேயே ஒரு முழு பேண்ட் நெஞ்சில் தொங்கியது. ராக் பாட்டை அதில் வாசித்தாலே பாதிச் சிரிப்பு வந்துவிடும். வார்த்தைகள் அதற்குப் பிறகுதான்.

அக்டோபர் 12

அனுமதி விவகாரத்தைப் பற்றி எல்லோரும் கேட்கிறீர்கள். படத்துக்குத் தேவையான முரண் அங்கேதான் இருக்கிறது என்று நினைக்கிறேன். போதை, விவாகரத்து என்று எங்கேயும் தேட வேண்டாம்.

ஆல் யாங்கோவிக் அசல் கலைஞரிடம் கேட்காமல் பகடியை ஆல்பத்தில் போடுவதில்லை. முகத்தில் அடித்தாற்போல் மறுத்தால் விட்டுவிடுவார். மைக்கேல் ஜாக்சன் இரண்டு முறை சரி என்றார். 1984-ல் வந்த 'ஈட் இட்' பாட்டு அமெரிக்கப் பட்டியலில் 12-ம் இடம் வரை போனது. 1988-ல் வந்த 'ஃபேட்' பாட்டுக்கு ஜாக்சன் தன்னுடைய சுரங்க ரயில் நிலைய செட்டையே பயன்படுத்தக் கொடுத்தார். மூன்றாவது முறை 'பிளாக் ஆர் வைட்' பாட்டைக் கேட்டபோது, அது ஒரு செய்தி சொல்கிற பாட்டு, வேண்டாமே என்றார். ஆல் எழுதவில்லை. பீட்டில்ஸ் குழுவின் பால் மெக்கார்ட்னியிடம் கேட்டது 'சிக்கன் பை' என்கிற, உள்ளே கோழிக்கறி வைத்துச் சுடும் பண்டத்தைப் பற்றிய பாட்டு. அவர் சைவம். முடிந்தது கதை. பாப் பாடகர் பிரின்ஸ் எப்போதும் முடியாது என்றே சொல்லிவந்தார். ஒரு விருது விழாவில் ஒரே வரிசையில் இருக்கை இருந்ததால், பிரின்ஸை நேருக்கு நேர் பார்க்கக் கூடாது என்று தந்தி வந்ததாக ஆல் பல பேட்டிகளில் சொல்லிச் சிரித்திருக்கிறார்.

எதிர்த்திசையில் மடோனா. தன் 'லைக் எ வர்ஜின்' பாட்டு எப்போது 'லைக் எ சர்ஜன்' என்ற அறுவைசிகிச்சைப் பாட்டாகும் என்று தோழியிடம் விளையாட்டாகக் கேட்டிருக்கிறார். அது சுற்றிச் சுற்றி ஆலின் மேனேஜர் காதுக்கு வந்தது. பகடிக்கான யோசனையே அசல்காரரிடமிருந்து வந்தது அந்த ஒருமுறைதான்.

நிர்வாணா குழுவின் பாடகர் கர்ட் கோபேனிடம் கேட்டது போனில். 'சாட்டர்டே நைட் லைவ்' நிகழ்ச்சிக்கு நிர்வாணா வந்திருந்த நேரம், அங்கே நடித்துக்கொண்டிருந்த விக்டோரியா ஜாக்சன் மூலம் போனைக் கையில் கொடுக்க வைத்தார். சாப்பாட்டைப் பற்றியா என்று கேட்டாராம் கோபேன். இல்லை, நீங்கள் பாடுவது யாருக்கும் புரிவதில்லை என்பதைப் பற்றி என்றார் ஆல். பிரமாதம் என்று அங்கேயே அனுமதி கிடைத்தது. 1992-ல் வந்த அந்த வீடியோவில், அசல் வீடியோவில் துப்புரவுப் பணியாளராக நடித்தவரையே திரும்பக் கூப்பிட்டு நடிக்க வைத்தார்கள். பாட்டில் வாத்தியத்துக்கு இடம் விட்ட இடத்தில் தண்ணீரை வாயில் வைத்துக் கொப்பளிக்கும் சத்தம் வரும். அந்தக் கொப்பளிப்பும் மெட்டுக்குள்தான் நிற்கிறது, ஹெட்போனில் கேளுங்கள்.

சிக்கியது ராப் பாடகர் கூலியோ விஷயத்தில். 1996. ரெக்கார்ட் கம்பெனி வழியாகச் சம்மதம் வந்துவிட்டது என்று ஆல் நம்பினார். நான் சொல்லவே இல்லை என்று கூலியோ பொதுவெளியில் கோபப்பட்டார். ஆல் மன்னிப்புக் கடிதம் எழுதினார். அதற்குப் பிறகு இடையில் யாரையும் நம்பாமல் கலைஞரிடமே கேட்பது வழக்கமானது. பின்னாளில் கூலியோ, அன்று நான் நடந்துகொண்டது முட்டாள்தனம் என்ற பொருளில் பேசி சமாதானமானார். இதில் இன்னொரு அடுக்கு உண்டு: கூலியோவின் பாட்டே ஸ்டீவி வொண்டரின் 1976-ம் வருஷப் பாட்டின்மேல் கட்டியது. கெட்ட வார்த்தைகளை எடுத்தால்தான் அனுமதி என்று வொண்டர் சொல்லி, அதை எடுத்த பிறகுதான் அது வந்தது. ஆக அனுமதி வாங்கி எழுதிய பாட்டுக்கு, அனுமதி கேட்டதில் தகராறு.

2011-ல் லேடி காகா. வரிகளைக் காட்டு என்றார்கள், காட்டினார். பாடி அனுப்பு என்றார்கள், ஸ்டுடியோவுக்குப் போய்ப் பதிவு செய்து அனுப்பினார். பிறகு முடியாது என்று பதில். வெறுத்துப்போய் இணையத்தில் இலவசமாகப் போட்டார். கடைசியில் பார்த்தால் அந்தப் பாட்டு காகாவின் காதுக்கே போகவில்லை. மேனேஜர் தானாகவே மறுத்திருக்கிறார். கேட்டதும் காகா சரி என்றுவிட்டார்.

அக்டோபர் 13

"1994-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றமே வியர்ட் ஆல் வழக்கில் பகடிக்கு அனுமதி தேவையில்லை என்று சொல்லிவிட்டதே, அப்புறம் ஏன் கெஞ்சுகிறார்?"

அது இவர் வழக்கில்லை. '2 லைவ் க்ரூ' என்ற ராப் குழுவின் வழக்கு. ராய் ஆர்பிசன் பாட்டை மாற்றிப் பாடியதற்கு ஏகஃப்-ரோஸ் என்ற பதிப்பகம் தொடுத்தது. தீர்ப்பும் அவ்வளவு தட்டையாக இல்லை. காசுக்காகச் செய்தாலும் பகடி நியாயமான பயன்பாடாக இருக்க முடியும், ஆனால் அசல் பாட்டையே விமர்சிப்பது ஒன்று, அசல் பாட்டின் முதுகில் ஏறிக்கொண்டு வேறு எதையோ கேலி செய்வது இன்னொன்று என்று பிரித்துப் பார்த்தார்கள். முதலாவதற்குப் பாதுகாப்பு அதிகம். இந்தக் கண்ணாடியைப் போட்டுப் பார்த்தால் நிர்வாணா பகடி அசலை விமர்சிக்கிறது. சாப்பாட்டுப் பாட்டுகள் எதை விமர்சிக்கின்றன? கோர்ட்டுக்குப் போனால் எந்தப் பக்கமும் சாயலாம். அவர் கேட்பதற்குச் சட்டம் மட்டும் காரணமில்லை, இசைக்காரர்களோடு பகை வேண்டாம் என்பதும் காரணம் என்று அவரே சொல்லியிருக்கிறார். அதோடு அசல் பாட்டை எழுதியவர்களுக்கு ராயல்டியும் போகிறது.

இன்னொன்று. மறுப்பும் ஒரு கலைஞரை உருவாக்கும். ஆலன் ஷெர்மன் என்று அறுபதுகளில் ஒருவர் இருந்தார். பிராட்வே இசை நாடகப் பாடல்களை நண்பர்கள் வீட்டு விருந்துகளில் யூதக் குடும்பக் கதைகளாக மாற்றிப் பாடிப் பேர் வாங்கியவர். ரெக்கார்ட் போடலாம் என்று வந்தபோது பிராட்வே உரிமையாளர்கள் விடவில்லை. சரி, உரிமை யாருக்கும் இல்லாத நாட்டுப்பாடல்களுக்குப் போவோம் என்று போனார். 1962-ல் வந்த அந்த ஆல்பம் விற்றுத் தள்ளியது. மறுவருஷம் கோடை முகாமிலிருந்து பையன் எழுதும் கடிதப் பாட்டு, அதுவும் பழைய இத்தாலிய ஓபரா இசையின்மேல், பட்டியலில் இரண்டாம் இடம். அதே 1963-ல் அவருடைய ஆல்பம் முதலிடம் பிடித்தது. அதற்குப் பிறகு ஒரு நகைச்சுவை ஆல்பம் அமெரிக்கப் பட்டியலில் முதலிடம் பிடிக்க 2014 வரை ஆனது. பிடித்தவர் ஆல் யாங்கோவிக். ஷெர்மன் பாவம், 1973-ல் 48 வயதில் போய்விட்டார். அவரைப் பற்றி எடுத்தால் விஎச்1-க்கு வேண்டிய வீழ்ச்சி நிறையவே கிடைக்கும்.

அக்டோபர் 13, சற்றுப் பிறகு

டாம் லெரரை மறந்துவிட்டீர்களே என்று திட்டு வந்திருக்கிறது. மறக்கவில்லை. ஹார்வர்டில் படித்த கணக்கு வாத்தியார், தனிமங்களின் பெயர்களை கில்பர்ட் - சல்லிவன் இசை நாடக மெட்டில் அடுக்கியவர். 2025 ஜூலையில் 97 வயதில் காலமானார். சாவதற்குச் சில வருஷம் முன்பே தன் பாட்டுகளின் உரிமை மொத்தத்தையும் பொதுவில் விட்டுவிட்டார். தம்பி, கையில் காசில்லை என்றால் ஆளை மாற்றுங்கள். லெரர் பாட்டைப் படத்தில் எத்தனை நிமிஷம் வேண்டுமானாலும் ஓட விடலாம். ஏன் இதைச் சொல்கிறேன் என்பதற்குப் பிறகு வருகிறேன்.

அக்டோபர் 19

ஒரு வாரமாக மனதில் உறுத்திக்கொண்டிருக்கிறது. கையை மட்டும் காட்டுங்கள், முகம் வேண்டாம், வாழ்க்கைச் சோகம் வேண்டாம் என்று ஒரேயடியாகச் சொல்லிவிட்டேன். 2004-ஐ என்ன செய்வது?

அந்த ஏப்ரலில் அவருடைய அப்பாவும் அம்மாவும் வீட்டுக் கணப்பிலிருந்து கசிந்த கார்பன் மோனாக்சைடால் ஒன்றாக இறந்துபோனார்கள். ஆல் அப்போது இசைப் பயணத்தில் இருந்தார். செய்தி வந்த அன்றைக்கும் மேடை ஏறினார். தன் பாட்டு மற்றவர்களுக்குக் கஷ்ட காலத்தில் உதவியிருக்கிறது என்று கடிதங்கள் வருகின்றன, எனக்கும் உதவுமா பார்க்கலாம் என்ற அர்த்தத்தில் பிறகு சொன்னார்.

சராசரி இயக்குநர் இதை எங்கே வைப்பார் என்று எனக்குத் தெரியும். பதினாறாவது நிமிஷம், பியானோ, ஸ்லோமோஷன். கோமாளியின் கண்ணீர். நம் ஊரிலும் இது சலிக்கச் சலிக்கப் பார்த்ததுதான். அதை வேண்டாம் என்கிறேன். ஆனால் விட்டுவிடவும் முடியாது என்று இப்போது தோன்றுகிறது. என் அப்பா இறந்து பதினாறாம் நாள் காரியம் முடிந்த வாரமே ஒரு வளைகாப்பில் வாசிக்கப் போனேன். போகாமல் இருந்திருந்தால்தான் கஷ்டமாக இருந்திருக்கும். விரல் தானாக ஓடியது, தலைக்குள் ஒன்றுமில்லை. வீட்டில் இருந்த சித்தப்பாவுக்கு அது புரியவே இல்லை, இன்றைக்கும் குத்திக்காட்டுவார். ஆக, 2004-ஐ வேலையின் பகுதியாக வைக்கலாம். அந்த இரவில் அவர் உடை மாற்றினாரா, 'ஃபேட்' பாட்டுக்கான குண்டு மனிதர் வேஷம் போட்டாரா, டிரம்மர் கண்ணை எங்கே வைத்துக்கொண்டு வாசித்தார் என்று கேட்கலாம். அழுதாரா என்று கேட்க வேண்டாம்.

அக்டோபர் 20

"கேட்டால் அழுதுவிடுவாரே டிரம்மர்."

அழுதால் கட் பண்ணாதீர்கள், அவ்வளவுதான்.

அக்டோபர் 26

பாணிப் பகடியைப் பற்றி யாருமே பேசவில்லையே. ஒரு குறிப்பிட்ட பாட்டை மாற்றாமல், ஒரு குழுவின் மொத்த பாணியையும் உள்வாங்கி, அவர்கள் எழுதாத பாட்டை எழுதுவது. என் கணக்கில் அவருடைய பெரிய சாதனை அதுதான். 1985-ல் டீவோ குழுவின் பாணியில் ஒன்று எழுதினார். அதைக் கேட்ட டீவோவின் மார்க் மதர்ஸ்பா, நான் கேட்டதிலேயே மிக அழகானது இதுதான், இதற்காகவே இவரை வெறுக்கிறேன் என்ற பொருளில் சொன்னார். நான் திட்டிய அதே 1999 நிகழ்ச்சியில்தான் அது வருகிறது, அதனால் அந்த எடிட்டருக்குப் பாதி மன்னிப்பு. 2003-ல் பாப் டிலன் பாணியில் ஒன்று. வரிக்கு வரி, திருப்பிப் படித்தாலும் அதே எழுத்து வருகிற மாலைமாற்று. அர்த்தமே இல்லாத அந்த வரிகள் டிலன் குரலில் வரும்போது ஏதோ பெரிய தத்துவம் போலக் கேட்கிறது.

மெட்டுக்கு எழுதியவர்களுக்கு இது எவ்வளவு கஷ்டம் என்று தெரியும். நானும் கொஞ்சம் எழுதியிருக்கிறேன், தேர்தல் சமயத்தில். ஹிட்டான சினிமா மெட்டு, அதில் வேட்பாளர் பெயரும் சின்னமும் வர வேண்டும். ஒரு ஆட்டோவில் கட்டிய குழாய் ஸ்பீக்கரில் மூன்று தெரு ஓடும். அனுமதியாவது ஒன்றாவது, இசையமைப்பாளரின் பெயர்கூட யாரும் சொல்ல மாட்டோம். 'தனனான தானனா' என்று தத்தகாரத்தை எழுதி வைத்துக்கொண்டு வேட்பாளர் பெயரை அதில் திணித்தால், நெடில் வர வேண்டிய இடத்தில் குறில் வந்து நிற்கும். பெயரை மாற்ற முடியாது, மெட்டையும் மாற்ற முடியாது. ராத்திரி இரண்டு மணிக்கு "தலைவர்" என்பதை "நம் தலைவர்" ஆக்கிச் சமாளிப்போம். அசல் வரியில் 'ஆ' என்று வாய் திறக்கிற உச்ச ஸ்தாயியில் நாங்கள் 'உ' போட்டுவிட்டால் பாடுகிறவர் முறைப்பார். ஆலின் பகடிகளை அசலோடு பக்கத்தில் வைத்துக் கேளுங்கள். உச்சத்தில் அதே உயிரெழுத்து ஒலி, அசலில் இயைபு விழுகிற இடத்தில் இவருக்கும் இயைபு. தேவைக்குப் பல மடங்கு வரிகளை எழுதிக் குவித்துவிட்டு, பிறகு உட்கார்ந்து கழிப்பார். அந்தக் கழித்த குப்பையைக் காட்டச் சம்மதித்தால் படத்தின் பத்து நிமிஷம் அங்கே இருக்கிறது.

எங்களுக்கு அந்தப் பாட்டுக்குப் பேசின பணம் முழுசாக வரவில்லை. வேட்பாளர் தோற்றுவிட்டார்.

நவம்பர் 2

தம்பி புரொபோசலை அனுப்பியிருந்தார். நன்றாக இருக்கிறது. அதில் ஐந்து பாட்டுகளின் துணுக்குகளைப் படத்தில் பயன்படுத்துவதாக எழுதியிருந்தார். லெரர் பற்றி அன்று பாதியில் விட்டது இதற்குத்தான்.

பகடிப் பாட்டை ஒரு படத்தில் போட வேண்டும் என்றால் ஆலின் ரெக்கார்ட் கம்பெனியிடம் ஒலிப்பதிவுக்கு அனுமதி வாங்க வேண்டும். மெட்டு அவருடையது இல்லையே, அதனால் அசல் பாட்டின் பதிப்பாளரிடமும் வாங்க வேண்டும். ஐந்து பாட்டு என்றால் ஜாக்சன், நிர்வாணா, மடோனா, குயீன் என்று ஊரில் உள்ள விலை உயர்ந்த கதவுகளையெல்லாம் தட்ட வேண்டும். ஆக, பாட்டைப் போட்டுக் காட்டு என்று உங்கள் சார் சொன்ன வழிதான் இருப்பதிலேயே செலவான வழி. வகுப்புக்குள் மட்டும் காட்டுகிற படம் என்றால் கவலை குறைவு, விழாவுக்கு அனுப்பினால் மாட்டுவீர்கள். அதனால்தான் சொல்கிறேன், அவர் சொந்த மெட்டில் எழுதிய பாணிப் பகடிகளில் ஒன்றை எடுங்கள், ஒரே இடத்தில் பேசி முடிக்கலாம். இல்லையென்றால் கை, பெட்டி, பேச்சு. அக்கார்டியன் பெட்டியைத் தட்டுகிற சத்தத்துக்கு உரிமை கேட்டு யாரும் வர மாட்டார்கள்.

நவம்பர் 3

கடைசியாக ஒரு கேள்வி மிச்சம்: "ரிக் டெரிங்கரை ஏன் விட்டுவிட்டீர்கள்?" ஆலின் முதல் ஆறு ஆல்பங்களின் தயாரிப்பாளர். 1984-ல் வந்த 'ஈட் இட்' பாட்டில் வான் ஹேலன் பாணி கிதார் சோலோவை வாசித்துக் கடைசியில் வெடிக்க வைத்தது அவர்தான். 2025 மே மாதம் இறந்துவிட்டார், இனி பேட்டி எடுக்க முடியாது. டிமென்டோவும் 2025-ல் நிகழ்ச்சியிலிருந்து ஓய்வு பெற்றுவிட்டார். நினைவோடு பேசக்கூடியவர்களை முதலில் பிடியுங்கள், ஸ்கிரிப்ட் அப்புறம்.

அமெரிக்காவில் இருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். 2025 கோடைப் பயணத்தில் கூடுதல் வாத்தியக்காரர்களோடு மாடிசன் ஸ்கொயர் கார்டன் வரை போய் வாசித்தார்கள். யாராவது பார்த்திருந்தால் எழுதுங்கள். பாட்டுக்குப் பாட்டு வேஷம் மாற்றுகிறார், அந்த இடைவெளியில் திரையில் போலிப் பேட்டிகள் ஓடும். அந்தத் துணுக்கு ஓடும்போது மேடையில் இருட்டில் பேண்ட் என்ன செய்கிறது? டியூன் பண்ணுகிறார்களா, தண்ணீர் குடிக்கிறார்களா? பக்கவாட்டு சீட்டில் உட்கார்ந்திருந்தவர்களுக்குத் தெரிந்திருக்கும்.